'லாம்' போட்டால் எரியும் லாம்பு

"இனிமேல் இந்த வீட்டுக்கு மின்சாரம் நான்தான்!"

அப்பா இப்படிச் சபதம் போட்டபோது தலையில் நுரை, இடுப்பில் துண்டு, ஒரு கண்ணில் சோப்பு. பாதிக் குளியலில் கரண்ட் போய் மோட்டார் நின்றுவிட்டது. சபதம் போடுகிறவர்கள் வழக்கமாக மீசையை முறுக்குவார்கள். அப்பா துண்டை முறுக்கினார், அவிழ்ந்து தொலைக்கப் போகிறதே என்று.

"முதல்ல கண்ணைக் கழுவுங்க" என்றாள் அம்மா. "மின்சாரம் அப்புறம் ஆகலாம்."

"நான் விளையாட்டுக்குச் சொல்லலம்மா."

"நானும் விளையாட்டுக்குச் சொல்லல. சோப்பு உள்ள போனா எரியும்."

"எரியட்டும்மா! இந்த வீட்ல அதுவாவது எரியட்டும்!"

எங்கள் வீட்டைப் பற்றி நாலு வரி. அப்பா லிஃப்ட் மெக்கானிக். பகல் முழுக்க ஊரையே மேலே ஏற்றிவிட்டு வருவார். வீட்டுக்கு வந்ததும் அம்மா அவரை இறக்கிவிடுவாள். அம்மா பல் டாக்டரிடம் உதவியாளர். அங்கே எல்லோரும் வாயைத் திறக்க வேண்டும், இங்கே எல்லோரும் வாயை மூட வேண்டும். நான் ஒரே பெண். செல்லப் பெயர் வாலு. யார் குரலைக் கேட்டாலும் அப்படியே திருப்பிப் பேசுவேன். கணக்கு டீச்சர் குரலில் "எல்லாரும் வீட்டுக்குப் போகலாம்" என்று ஒரே ஒரு தடவை சொல்லி வகுப்பையே காலி செய்திருக்கிறேன். அந்த வகுப்பில் டீச்சரும் இருந்தார். அவரும் பையை எடுத்துக்கொண்டார்.

எங்கள் வீட்டில் புழங்கும் சொற்களில் முக்கியமானது 'முடியாது'. அது அம்மாவுக்கு மட்டும் சொந்தம். "மொட்டைமாடித் தொட்டியை நானே நகர்த்தட்டுமா?" முடியாது. "என் சிநேகிதன் வாத்துப் பண்ணை வைக்கிறான், கூட்டு சேரட்டுமா?" முடியாது. அப்பாவால் 'வேண்டாம்' வரைக்கும் ஏற முடியும். அதற்கு மேல் அவர் லிஃப்ட் போகாது. அதையும் சும்மா சொல்ல வராது. "வேண்டாம்மா." "இல்லம்மா." "சரிம்மா." எதைச் சொன்னாலும் கடைசியில் ஒரு 'ம்மா' ஒட்டிக்கொண்டு வரும், ஈரக் காலில் மணல் மாதிரி.

இந்தக் கதையில் எனக்கு உயிர் போகப் பார்த்ததே இந்த 'ம்மா'வால்தான்.

அப்பா பார்த்துக்கொள்ளும் கட்டடம் ஒன்றில் ஒரு பேசும் லிஃப்ட் இருந்தது. பொத்தானே கிடையாது. "மேலே செல்லலாமா?" என்று ஒரு பெண்குரல் கேட்கும். (மூக்கை லேசாக அடைத்துக்கொண்டு, யாரையும் பிடிக்காத மாதிரி வாசிக்கவும். அதுதான் அந்தக் குரல்.) ஆம் என்றால் ஏறும். ஆனால் அதற்குக் காது மந்தம். சொல்லின் தலையும் உடம்பும் கேட்காது, வால் மட்டும்தான் கேட்கும். ஒருநாள் மேலாளர் உள்ளே நின்றுகொண்டு "வேண்டாம்" என்றிருக்கிறார். வேண்டாமுக்குள் ஒரு 'ஆம்' ஒளிந்திருப்பதை அதுவரை யாரும் கவனிக்கவில்லை. "ஆம். மேலே செல்கிறது." உச்சிக்குப் போனதும், "இன்னும் மேலே செல்லலாமா?" "ஐயோ, வேண்டாம்!" "ஆம்." மனிதர் இப்போதெல்லாம் பன்னிரண்டு மாடியையும் படியில்தான் ஏறுகிறார். லிஃப்டைக் கழற்றிவிட்டார்கள். கழற்றிய குரல்பெட்டியை அப்பா சட்டைக்குள் வைத்துக் கட்டிக்கொண்டு வீட்டுக்கு வந்துவிட்டார்.

அந்தப் பெட்டி, ஸ்கூட்டர் ஹெல்மெட், என் சைக்கிள் ஹெல்மெட், அம்மா தலையில் கவிழ்த்துக்கொள்ளும் பழைய தலை உலர்த்தி, கட்டுக் கட்டாக ஒயர். முன்னறை முழுக்க அப்பாவின் ஆராய்ச்சி. ஞாயிற்றுக்கிழமை காலையில் திரையை விலக்கினார்.

"இதுக்குப் பேரு லாம்பு."

"பழைய ஆளுங்க விளக்கைத்தான் லாம்புன்னுவாங்க" என்றாள் அம்மா.

"அதேதாம்மா! ஆனா இது 'லாம்'ல எரியிற லாம்பு." அப்பா தொண்டையைச் செருமிக்கொண்டார். "உலகத்துல நடந்தது கொஞ்சம்மா. நடந்திருக்கலாம், ஆகியிருக்கலாம், போயிருக்கலாம்னு விட்டுப்போனதுதான் மலை மாதிரி. அந்த லாமெல்லாம் எங்க போச்சு? ஒரு கனவூர்ல சும்மா குவிஞ்சு கிடக்கு. யாருக்கும் பிரயோஜனம் இல்ல. ஹெல்மெட்டைப் போட்டுக்கிட்டு, மனசுல இருக்கிற ஒரு லாமைச் சொல்லிட்டு, கண்ணை மூடணும். தூக்கத்துல நேரா அந்த ஊருக்குப் போயிடுவோம். நடக்காத காரியத்துலேர்ந்து கரண்டை உறிஞ்சி, இந்த ஒயர் வழியா வீட்டுக்கு அனுப்பும்."

"நடக்காத காரியம்னா உங்ககிட்ட நிறைய இருக்குமே."

"அதனாலதாம்மா நானே இறங்கறேன்!"

சொல்லிவைத்த மாதிரி மதியம் கரண்ட் போனது. அப்பா கட்டிலில் படுத்து ஹெல்மெட்டை மாட்டினார். பெட்டி கரகரத்தது.

"சொல்லவும்."

"நான்... பெரிய பாடகராகியிருக்கலாம்."

"கதவு திறக்கிறது."

அப்பா குறட்டை விட்டார். நாங்கள் பல்பைப் பார்த்தோம். பல்பு எங்களைப் பார்த்தது. அப்புறம் நடுவில் செம்மண் நிறத்தில் ஒரு கம்பி மட்டும் வெட்கப்பட்டது.

"எறும்பு ஒண்ணு டார்ச் அடிக்குது" என்றாள் அம்மா.

"எடை போதவில்லை" என்றது பெட்டி. அப்பாவை அதுவே வெளியே தள்ளிவிட்டது.

அப்பா எழுந்து உட்கார்ந்தார். முகம் வாடியிருந்தது. "உள்ள போனேம்மா. பாடகரா நான் நின்னேன். ஆனா காகிதம் மாதிரி இருந்தேன். காத்து அடிச்சதும் விளக்குக் கம்பத்துல போய் ஒட்டிக்கிட்டேன்."

"நிஜமாவே ஆகியிருக்கக்கூடியதுக்குத்தான் கனம் இருக்கும்போல" என்றேன் நான்.

"வாலு, வாயை மூடு" என்றார்கள் இருவரும். அந்த ஒரு விஷயத்தில் அவர்களுக்குள் அவ்வளவு ஒற்றுமை.

அப்பாவின் கண் அம்மா பக்கம் திரும்பியது. "நீ ஒரு தடவை போட்டுப் பாரேம்மா."

"முடியாது. பாத்திரம் கிடக்கு."

"சும்மா அஞ்சு நிமிஷம். நீ ஒண்ணுமே செய்ய வேண்டாம்மா. படுத்துக் கண்ணை மூடிக்கிட்டா போதும்."

அம்மா பாத்திரத்தைக் கீழே வைத்தாள். "என்ன சொன்னீங்க?"

"படுத்துக்கிட்டா போதும்னேன்."

அம்மா ஈரக் கையைப் புடவையில் துடைத்தாள். ஹெல்மெட்டை வாங்கி மாட்டினாள். படுத்தாள். அவ்வளவு சீக்கிரம் அவள் எதற்கும் ஒத்துக்கொண்டு நான் பார்த்ததில்லை.

"சொல்லவும்" என்றது பெட்டி.

அம்மா உதட்டுக்குள் ஏதோ முணுமுணுத்தாள். எங்கள் காதில் விழுந்தது வால் மட்டும்.

"...லாம்."

"கதவு திறக்கிறது."

பல்பு எரிந்தது. வெள்ளையாக எரிந்தது. நீலமாக எரிந்தது. மின்விசிறி கூரையைப் பிய்த்துக்கொண்டு பறந்துவிடும்போலச் சுற்றியது. குளிர்பெட்டி உறுமியது. எப்போதோ செத்துப்போன கதவு மணி தானாக அடித்தது. எதிர்வீட்டு மோட்டார் ஓட ஆரம்பித்து, "யாரது போட்டது?" என்று எதிர்வீட்டுக்காரம்மா கத்தும் சத்தம் கேட்டது. அப்புறம் பல்பு 'டப்'பென்று வெடித்தது.

"அளவுக்கு மேல் எடை" என்றது பெட்டி. "தயவுசெய்து சிலர் இறங்கவும்."

அம்மாவோடு ஏறி நிற்கிறவர்கள் யார்? அப்பாவும் நானும்தான்.

"அம்மா! எழுந்திரு!" உலுக்கினேன். அம்மா அசையவில்லை. முகத்தில் ஒரு சின்னச் சிரிப்பு. கரண்ட் பில் பார்க்கும்போது வராத சிரிப்பு.

"வாலு, அவ என்ன சொன்னா? லாமுக்கு முன்னாடி என்ன சொன்னா?"

"கேக்கலைப்பா."

"'இவரைக் கட்டிக்காம இருந்திருக்கலாம்'னு கேட்டுச்சா?"

"இல்லப்பா."

"'இல்ல'ன்னா அப்படிச் சொல்லலைன்னு அர்த்தமா, உனக்குக் கேக்கலைன்னு அர்த்தமா?"

"ஒயரைப் பிடுங்கிடலாம்ப்பா."

"தொடாதே!" அப்பா என் கையைத் தட்டிவிட்டார். "பாதி மாடியில லிஃப்ட் போய்க்கிட்டிருக்கும்போது கரண்டை நிறுத்தினா என்ன ஆகும்?"

"நடுவுல நிக்கும்."

"உங்கம்மா நடுவுல நிப்பா. இங்கயும் இல்லாம, அங்கயும் இல்லாம."

அப்போதுதான் பெட்டி கேட்டது. எங்களை அல்ல, உள்ளே இருந்த அம்மாவை. எங்களுக்கு எதிரொலி மட்டும் வந்தது.

"இங்கேயே இருந்துவிடலாமா?"

அப்பா தலையில் அடித்துக்கொண்டார். "போச்சு! அவ மரியாதையா 'வேண்டாம்'னு சொல்லித் தொலைச்சா 'ஆம்'னு எடுத்துக்குமே! வா, உள்ள போய் அவ வாயைப் பொத்தணும்!"

அம்மாவின் வாயைப் பொத்துவதா! பயத்தில் அப்பாவுக்கு வீரம் வந்திருந்தது.

ஸ்கூட்டர் ஹெல்மெட் அம்மா தலையில். அப்பா தலை உலர்த்தியைக் கவிழ்த்துக்கொண்டார். நான் சைக்கிள் ஹெல்மெட். "சொல்லவும்" என்றது பெட்டி. "அவளை மாட்டவிடாம தடுத்திருக்கலாம்" என்றார் அப்பா. எனக்குப் பயத்தில் யோசனை ஓடவில்லை. வாயில் வந்ததைச் சொன்னேன்.

"இன்னிக்கு நான் வீட்டுல இல்லாம இருந்திருக்கலாம்."

அந்த ஊரில் எதையும் வாயில் வந்தபடி சொல்லக் கூடாது என்று எனக்கு யார் சொன்னார்கள்?

கண் திறந்தால் எங்கள் தெரு. எங்கள் தெருவேதான், ஆனால் இரண்டு பக்கமும் எங்கள் வீடே வரிசையாக நின்றது. அதே பச்சைக் கதவு, அதே வளைந்த தாழ்ப்பாள், வீட்டுக்கு வீடு. வானம் பாதி வெள்ளையடித்த சுவர்போலத் திட்டுத் திட்டாகத் தொங்கியது. மரங்களில் மொட்டுகள் இருந்தன; பூக்கப் போகிற மாதிரி விரிந்து, மனசு மாறி மூடிக்கொண்டன. எதிரில் நடந்து வந்தவர்களுக்கு முகம் பாதிதான் வரைந்திருந்தது. ஒருவருக்கு மூக்கு உண்டு, கண் இல்லை. அவர் எங்களைத் திரும்பிப் பார்த்தார். கண்ணில்லாமல் எப்படிப் பார்த்தார் என்று என்னைக் கேட்காதீர்கள். பார்த்தார்.

நாங்கள் நடந்தோம். காலடிச் சத்தமே இல்லை. விளக்குக் கம்பத்தில் பாடகர் அப்பா ஒட்டிக்கொண்டு படபடத்தார். "ஒரு பாட்டு கேளுங்களேன்" என்றார் ஈனக் குரலில். நிஜ அப்பா பார்க்காத மாதிரி கடந்தார்.

முதல் வீட்டு ஜன்னலில் எட்டிப் பார்த்தோம். அம்மா கறுப்பு அங்கியில் உயரமான நாற்காலியில் உட்கார்ந்திருந்தாள். முன்னால் ஒரு கூட்டமே கைகட்டி நின்றது.

"நீதிபதி!" அப்பாவின் பற்கள் தந்தியடித்தன. "சட்டம் படிக்கணும்னு ஆசைப்பட்டதா கல்யாணத்தன்னிக்குச் சொன்னா. நான் 'ஓகோ'ன்னேன்."

"அப்புறம்?"

"அப்புறம் பந்திக்குப் போயிட்டேன்."

நீதிபதி அம்மா எங்களை ஏறிட்டாள். "அடுத்த வழக்கு." நாங்கள் ஓடினோம்.

இரண்டாவது வீட்டில் சுவரெல்லாம் கடல். அம்மா ஒரு கப்பலின் சுக்கானைப் பிடித்தபடி யாரையோ, "வாயை மூடிக்கிட்டு நங்கூரத்தை எடு" என்றாள். வீட்டில் பேசும் அதே குரல்தான். கப்பலுக்கு எவ்வளவு பொருத்தமாக இருந்தது! ஒவ்வொரு வீட்டிலும் ஓர் அம்மா. ஒவ்வோர் அம்மாவும் கனமாக, முழுசாக, நிழலோடு இருந்தாள். காகிதம் ஒன்றுகூட இல்லை. ஒவ்வொரு வீட்டுக் கூரையிலிருந்தும் தடித்த ஒயர் கிளம்பி வானத்துக்குள் போனது.

"இவ்வளவுமா இவ உள்ள வச்சிருந்தா?" என்றார் அப்பா. குரல் உடைந்திருந்தது.

மூன்றாவது வீட்டில்தான் அப்பா தரையோடு தரையாக உட்கார்ந்தார்.

அங்கே அம்மா சாய்வு நாற்காலியில். பக்கத்தில் உயரமாக ஓர் ஆள். கொடியிலிருந்து துணியை எடுத்து, உதறி, மூலைக்கு மூலை சேர்த்து மடித்துக்கொண்டிருந்தார்.

"நீ உக்காரு. நான் பாத்துக்கறேன்" என்றார் அந்த ஆள்.

"மடிக்கிறான் வாலு!" அப்பாவுக்கு மூச்சு வாங்கியது. "யாரும் சொல்லாமலே மடிக்கிறான்! போர்வையைக்கூட ஒண்டியா மடிக்கிறான் பாரு! 'நான் பாத்துக்கறேன்'னு சொல்றான்! இந்த வார்த்தையெல்லாம் ஆம்பளைங்களுக்கு யாருடா சொல்லிக் குடுக்கறாங்க?"

எனக்கு அந்த ஆள் பெரிதாகத் தெரியவில்லை. மூலையில் ஒரு பெண் உட்கார்ந்து படித்துக்கொண்டிருந்தாள். என் வயசு. எண்ணெய் வைத்துப் படிய வாரிய தலை, முதல் மார்க் முகம். என் இடத்தில் அவள். ஜன்னலைப் பிடித்துக்கொண்டேன். பிடித்த கை வழியாகச் சுவர் தெரிந்தது.

"அப்பா. என் கை."

விரல்கள் இல்லை. மணிக்கட்டுவரை கண்ணாடி. 'இல்லாம இருந்திருக்கலாம்' என்றேனே! இந்த ஊர் சொன்ன சொல் தவறாமல் என்னை அழித்துக்கொண்டிருந்தது.

அந்த நேரம் பார்த்து வானத்திலிருந்து குரல்.

"இங்கேயே இருந்துவிடலாமா?"

"வேண்டாம்!" என்று அலறினார் அப்பா.

"ஆம். கதவு மூடுகிறது."

தெருக்கோடியில் நாங்கள் வந்த வழி இரண்டு பக்கமும் இரும்பாக நகர்ந்து சேர ஆரம்பித்தது.

"இல்லம்மா! இல்லம்மா!"

"ஆமா. நன்றி. கதவு விரைவாக மூடுகிறது."

அப்பாவின் 'ம்மா'வும் அதற்கு 'ஆமா'தான்! நான் பாய்ந்து அப்பாவின் வாயைப் பொத்தினேன். கையே பாதிதான் இருந்தது, பாதி வாய்தான் பொத்தியது. அவரை இழுத்துக்கொண்டு கடைசி வீட்டுக்கு ஓடினேன். மற்ற வீடுகளைவிடச் சின்ன வீடு. ஆனால் அதன் கூரையிலிருந்த ஒயர் மரத்தடிக்குப் பருமன். ஜன்னலில் கண் கூசும் வெளிச்சம்.

உள்ளே ஓர் அறை. ஓர் அறைதான். சமையற்கட்டு இல்லை. கதவு மணி இல்லை. சுவரில் கடிகாரம் இல்லை. கட்டிலுக்குக் கீழே ஒரு ஜோடி செருப்பு. கட்டிலில் அம்மா, எங்கள் அம்மா, ஒருக்களித்துப் படுத்து, வாய் லேசாகத் திறந்து தூங்கிக்கொண்டிருந்தாள். வெளிச்சம் அவளிடமிருந்துதான் வந்தது.

நான் வாசலிலேயே நின்றேன். எழுப்ப மனசு வரவில்லை. ஆனால் இந்தத் தூக்கத்தில் ஒரு 'ஆம்' சொல்லிவிட்டால் அவ்வளவுதான். முழங்கைவரை எனக்குக் கையில்லை.

அப்பா கட்டிலருகே போய்க் குனிந்தார். மனிதர் என்ன சொல்லி அழைக்கப் போகிறார்? மன்னிப்புக் கேட்பாரா? கண்ணே மணியே என்பாரா? உதடு துடித்தது. பழக்கம் முந்திக்கொண்டது.

"ஏம்மா, என் மூக்குக்கண்ணாடியைப் பாத்தியா?"

கண்ணாடி அவர் நெற்றியில் இருந்தது.

அம்மா கண்ணைத் திறக்காமலே சொன்னாள். வருஷக்கணக்காகப் பழுத்த குரலில், கூரை அதிரச் சொன்னாள்.

"முடியாது!"

கட்டில் காலி. அந்தச் சொல்லில் ஆமும் இல்லை, ஆமாவும் இல்லை; அம்மா விழித்து வீட்டுக்குப் போய்விட்டாள்.

எனக்கு ஒரு வினாடி சந்தோஷம். அடுத்த வினாடி, வெளிச்சமும் அவளோடு போவது தெரிந்தது. தெருவில் ஒவ்வொரு வீடாக அணைந்தது. நீதிபதி அணைந்தாள். கப்பல் அணைந்தது. இருட்டு, படி இறங்குகிற மாதிரி, ஒவ்வொரு வீடாக எங்களை நோக்கி வந்தது. மூக்கு மட்டும் இருந்த மனிதர் வாசலில் நின்று உள்ளே முகர்ந்தார்.

"இங்கேயே இருந்துவிடலாமா?"

"அப்பா, அம்மா மாதிரி சொல்லுங்க! முடியாது!"

"முடியாதும்மா!"

"ஆமா. நன்றி."

"ம்மா போடாதீங்கப்பா! இடுப்புல கையை வைங்க. மூக்கைத் தூக்குங்க. முடி - யா - து."

அப்பா இடுப்பில் கை வைத்தார். மூக்கைத் தூக்கினார். நரம்பெல்லாம் புடைத்தது. "முடி... யாது..." வந்துவிட்டது! வாலைக் கடிக்க வேண்டியதுதான் பாக்கி. "...ம்மா."

"ஆமா. மிக்க நன்றி."

நானே சொல்லிவிடலாம் என்று வாயைத் திறந்தேன். காற்றுத்தான் வந்தது. என் குரலைக் காணோம். நானே இல்லாத ஊரில் என் குரல் மட்டும் எப்படி இருக்கும்? தொண்டைவரை அழிந்திருந்தேன். அப்பா என்னைப் பார்த்தார். அவர் முகத்தில் அப்படி ஒரு பயத்தை அதற்கு முன்னும் பார்த்ததில்லை, பின்னும்... பின்னால் பார்த்திருக்கிறேன், அதைக் கடைசியில் சொல்கிறேன்.

"நீ போடா கண்ணு" என்றார். "நான் இருந்துக்கறேன். எனக்கொண்ணும் பயமில்ல." சொல்லும்போதே பல் கிட்டித்துக்கொண்டது.

அப்போதுதான் தோன்றியது. இந்த ஊரில் நான் இல்லை. ஆனால் அம்மா வீட்டுக்கு வீடு இருந்தாளே! அவள் குரல் இங்கே செல்லும். இடுப்பில் இல்லாத கையை வைத்தேன். அம்மாவின் குரலை அடிவயிற்றிலிருந்து எடுத்தேன். என் குரல் என்றால் நடுங்கியிருக்கும், அம்மா குரல் நடுங்காது.

"முடியாது!"

விழித்தேன். முதலில் விரல்களை எண்ணினேன். எல்லாம் இருந்தன. அம்மா கட்டில் விளிம்பில் உட்கார்ந்து கொண்டை போட்டுக்கொண்டிருந்தாள். முகம் கழுவி வைத்த தட்டுபோலப் பளிச்சென்று இருந்தது.

"அம்மா! அப்பா உள்ள மாட்டிக்கிட்டாரு! அவருக்கு முடியாதுன்னு சொல்ல வரல!"

"தெரிஞ்ச விஷயம்தானே." அம்மா மேலே பார்த்தாள். மின்விசிறி சீராகச் சுற்றியது. "கரண்ட் வந்துடுச்சா?"

"இல்லம்மா. அது அப்பா."

இருவரும் அப்பாவைப் பார்த்தோம். தலை உலர்த்திக்குள் அவர் உதடு அசைந்தது. "மடிக்கிறான்... தலையணை உறையைக்கூட மடிக்கிறான்..." மின்விசிறி வேகம் பிடித்தது. "அவ அவன்கூடப் போயிட்டா..." குளிர்பெட்டி கிளம்பியது.

பாடகர் அப்பாவுக்குக் கனமில்லை. ஆனால் அம்மா தன்னை விட்டுப் போயிருக்கலாம் என்ற அந்த 'லாம்' இருக்கிறதே, அது அப்பாவுக்கு மலைக் கனம்.

அம்மா அவர் மணிக்கட்டைப் பிடித்து நாடி பார்த்தாள். "நல்லாத்தான் ஓடுது. எங்க நாற்காலியில உக்கார்றவங்க எல்லாருக்கும் இப்படித்தான். பயம்தான், வலி இல்ல."

"இங்கேயே இருந்துவிடலாமா?" என்றது பெட்டி.

"அம்மா, நீ சொன்னா போதும்! இந்தப் பெட்டிகிட்ட 'முடியாது'ன்னு சொல்லு, விட்டுடும்!"

அதைச் சொல்லும்போதுதான் எனக்கே உறைத்தது. முதலிலேயே வெளியில் நின்று பெட்டியிடம் அந்த ஒரு சொல்லைச் சொல்லியிருந்தால் யாரும் உள்ளே போயிருக்கவே வேண்டாம். அப்பாவுக்குத் தோன்றவில்லை. இல்லாத சொல் எப்படித் தோன்றும்?

அம்மா வாயைத் திறந்தாள். மூடினாள். கண் மெதுவாகத் திரும்பியது. மூலையில் துவைக்கும் இயந்திரம், அதன்மேல் இரண்டு வாளி அழுக்குத் துணி.

"சொல்றேன்" என்றாள். "ஒரு சுத்து முடியட்டும்."

"அம்மா!"

"வாயை மூடு, வாலு. வெள்ளைத் துணியெல்லாம் இந்தப் பக்கம் போடு."

இயந்திரம் கடகடவென்று ஓடியது. பெட்டி திரும்பத் திரும்பக் கேட்டது. "இருந்துவிடலாமா?" "கொஞ்சம் இரு" என்று அம்மா அதையே அடக்கினாள். அதுவும் இருந்தது. துணியைப் பிழியும் கட்டம் வந்தபோது நான் அவள் காதருகே போய்க் கேட்டேன்.

"நீ என்னம்மா சொன்னே? அந்த லாமுக்கு முன்னாடி?"

"வேற என்ன? ஞாயித்துக்கிழமையாவது ஒரு மதியம் தூங்கியிருக்கலாம்னேன்." அம்மா சோப்பு நுரையை விரலால் வழித்தாள். "நல்ல கட்டில். யாரும் அது எங்க, இது எங்கன்னு கேக்கல. கடைசியில ஒருத்தர் கண்ணாடியைக் கேட்டாரு."

துணி முடிந்ததும் பெட்டி பக்கம் குனிந்து, "முடியாது" என்றாள். "கதவு திறக்கிறது." அப்பா துள்ளி எழுந்து அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டார்.

"நீ இருக்கியாம்மா?"

"இருக்கேன்."

"நீ தூங்கின வீடு... அவன் வீட்டுக்குப் பக்கத்து வீடு இல்ல? துணி மடிக்கிறான் பாரு, அவன் வீட்டுக்கு?"

அம்மா என்னைப் பார்த்தாள். அந்தப் பார்வைக்கு 'வாயை மூடு' என்று பொருள். அப்புறம் அப்பாவைப் பார்த்துச் சின்னதாக ஒரு சிரிப்புச் சிரித்தாள்.

அன்று மாலை கொடியிலிருந்த துணி முழுவதையும் அப்பா மடித்தார். மூலைக்கு மூலை. போர்வையை ஒண்டியாக மடிக்கப் போய் அதற்குள்ளேயே சிக்கிக்கொண்டார், அவிழ்த்து வெளியே எடுத்தோம்.

"இந்த லாம்பை உடைச்சுப் போட்டுடலாம்மா" என்றார் மூச்சு வாங்கிக்கொண்டே.

"முடியாது" என்றாள் அம்மா.

இப்போதெல்லாம் ஞாயிற்றுக்கிழமை மதியம் தெருவே இருண்டு வேர்த்துக் கிடக்கும்போது எங்கள் வீட்டில் மட்டும் காற்று வரும். எதிர்வீட்டுக்காரம்மாவுக்குப் பொறுக்கவில்லை. வாசலில் வந்து நின்றாள்.

"உங்களுக்கு மட்டும் எப்படிக் கரண்ட் வருது?"

"எல்லாம் எங்க வீட்டுக்காரர் தயவு" என்றாள் அம்மா.

அந்த அம்மா நேராக வாடகை வாங்கும் வீட்டுக்காரரிடம் போய், எங்களுக்கு மட்டும் ஓரவஞ்சனையா என்று சண்டை போட்டதாகக் கேள்வி. அவருக்கு இன்னும் எதற்குத் திட்டு வாங்கினோம் என்று புரியவில்லை.

அப்பாவின் சபதம் பலித்துவிட்டது, அதைச் சொல்லியாக வேண்டும். சாப்பிட்டு முடித்ததும் அம்மா அவரைக் கட்டிலில் படுக்க வைத்து, தலை உலர்த்தியைக் கவிழ்த்து, "பயப்படாதீங்க, வலிக்காது" என்பாள். பல் டாக்டர் அறையில் இதைச் சொன்ன பிறகுதான் வலிக்கும். அப்பாவின் முகத்தில் அந்தக் கடைசி வீட்டுப் பயம் மெல்ல ஏறும். வேண்டாம் என்று சொல்ல வாயெடுப்பார். சொன்னால் ஆம். சொல்லாமல் மூடிக்கொள்வார்.

அம்மா தலையணையைத் தட்டிப் போட்டுக்கொண்டு பக்கத்தில் படுப்பாள். தூங்குவதற்கு முன் அவர் காதுக்குள் ஒரே ஒரு வரி சொல்வாள்.

"அந்த மனுஷன் வேட்டியை எப்படி மடிக்கிறாருன்னு இன்னும் கொஞ்ச நேரம் நின்னு பாத்திருக்கலாம்."

மின்விசிறி ஐந்தாம் நம்பரில் சுற்றும்.